வேங்கடத்துப் பாட்டும் நாராயணவனத்துத் திரிகையும்

நாராயணவனம் கல்யாண வேங்கடேசுவரர் கோயிலில் ஒரு பெரிய கல் திரிகை இருக்கிறது. பத்மாவதி தாயாரின் திருமணத்துக்கு மாவு அரைத்தது இதில்தான் என்று ஊரார் காட்டுவார்கள். ஆகாசராஜன் பொன் ஏர் பூட்டி உழுதபோது தாமரையில் குழந்தை கிடைத்தது, சீனிவாசன் குறத்தி வேடத்தில் வந்து குறி சொன்னது, குபேரனிடம் கடன் வாங்கிக் கல்யாணம் நடந்தது என எல்லாவற்றையும் சொல்லும் தலபுராணத்தின் நடுவில் நிற்கும் ஊர் இது. புத்தூருக்குப் பக்கத்தில், அருணா நதிக்கரையில், சென்னையிலிருந்து ஊத்துக்கோட்டை, நாகலாபுரம் வழியாகத் திருப்பதி போகும் சாலையில் இருக்கிறது. 2022 வரை சித்தூர் மாவட்டத்தில் இருந்த ஊர், இப்போது திருப்பதி மாவட்டத்தில் சேர்ந்திருக்கிறது.

திரிகையைத் தொட்டுக் கும்பிட்டுவிட்டுப் போகும் தமிழர் பலருக்கு ஒரு செய்தி தெரியாது. இந்த மலைப்பக்கத்தில் தானியம் அரைத்துச் சமைத்ததைப் பற்றி, புராணம் எழுதப்படுவதற்குப் பல நூற்றாண்டுகளுக்கு முன்பே ஒரு தமிழ்ப் புலவர் பாடிவைத்திருக்கிறார். பாட்டு அகநானூற்றில் 393-ஆவது. பாடியவர் மாமூலனார்.

வேங்கடத்தைக் கடந்து பொருள் தேடப் போன தலைவனைப் பற்றிய பாட்டு அது. ஆனால் அதன் பெரும்பகுதி, வழியிலிருக்கும் புல்லி என்ற தலைவனின் நாட்டில் சோறு ஆக்கும் விதத்தைச் சொல்கிறது. கதிர் கவைத்த வரகை மாட்டின் காலில் மிதிபட விட்டு, உதிர்ந்த மணியை அகன்ற பாறையில் குவிக்கிறார்கள். மரத் திரிகையில் இட்டு உமி நீக்குகிறார்கள். சுளகால் புடைத்து, உரலில் இட்டு, பூண் பிடித்த உலக்கையால் மாறி மாறிக் குத்துகிறார்கள். சுனை நீரை முகந்து, கல் அடுப்பில் பானை ஏற்றிப் பொங்கிய அந்தச் சோறு, கொத்தாகப் பூத்த கொன்றையின் தாது குவிந்தாற்போல் இருக்கிறது. அதைப் பசும்பாலோடு பகிர்ந்து கொடுக்கிறார்கள். அரசனின் வெற்றிக்கு ஒரு வரிகூடச் செலவிடாமல் வரகுச் சோற்றின் ஒவ்வொரு படியையும் சொல்லும் இந்தப் பகுதிக்கு இணையாக, பழைய உலக இலக்கியத்தில் எளிய மக்களின் அடுப்படியைக் காட்டும் இடங்கள் மிகச் சில.

அதே புலவரின் 311-ஆம் பாட்டில் புல்லியின் நாட்டு இடையர்கள் வருகிறார்கள். காளையின் கழுத்தில் கட்டிய மூங்கில் குழாயில் இனிய புளிச்சோறு வைத்திருக்கிறார்கள். நடந்து நடந்து பசியால் காது அடைத்துப்போன வழிப்போக்கர்களுக்கு அதைத் தேக்கு இலையில் பகிர்ந்து தருகிறார்கள். திருமலைக்குப் போய்வந்தவர்கள் வீட்டுக்குப் புளியோதரை கொண்டுவருகிறார்களே, அவர்களிடம் இந்தப் பாட்டை யாராவது சொல்லியிருக்க வேண்டாமா? சங்கப் பாட்டின் புளிச்சோற்றுக்கும் கோயில் பிரசாதத்துக்கும் நேர்கோடு போட்டுக் காட்ட எந்தச் சான்றும் இல்லை. அப்படிப் போடவும் வேண்டாம். ஒரு மலையின் அடிவாரத்தில் நடந்துவந்தவருக்குப் புளிச்சோறு கொடுக்கும் வழக்கம் அவ்வளவு பழையது என்று தெரிவதே பெரிய செல்வம்.

மாமூலனார் பெயரில் சங்கத் தொகைகளில் 30 பாடல்கள் இருக்கின்றன, பெரும்பாலானவை அகநானூற்றில். வரலாற்று ஆசிரியர்கள் அவரைத் திரும்பத் திரும்பத் தேடிப் போகிறார்கள். பாடலிபுத்திரத்து நந்தர்கள் கங்கை நீருக்கு அடியில் மறைத்துவைத்த செல்வத்தை அவர் பேசுகிறார். மோரியர் படை தெற்கே வந்ததைப் பேசுகிறார். வடக்கே பேரரசுகள் வரை செய்தி தெரிந்த ஒருவர், வேங்கடத்தைப் பாடும்போது இடையர் கைப் புளிச்சோற்றையும் வரகையும் பாடியிருக்கிறார். எதை நினைவில் வைக்க வேண்டும் என்பதில் அவருக்கு இருந்த தெளிவு, அவரைப் படிப்பவர்களுக்கும் வேண்டும்.

ஆனால் இன்றைய தமிழ் வாசகருக்கு வேங்கடம் என்றதும் நினைவுக்கு வருவது இவை எதுவும் அல்ல. தொல்காப்பியத்தின் சிறப்புப் பாயிரத்தில் பனம்பாரனார் தமிழ் கூறும் நல்லுலகின் வட எல்லையாக வேங்கடத்தைக் குறித்தார். பள்ளிப் பாடத்திலும் மேடையிலும் அந்த ஒன்றே நிலைத்துவிட்டது. அதற்குக் காரணமும் உண்டு. 1953-இல் ஆந்திரம் தனி மாநிலமானபோது சித்தூர் மாவட்டம் முழுவதும் அங்கே போனது. ம.பொ.சிவஞானமும் அவருடைய தமிழரசுக் கழகமும் நடத்திய வடக்கெல்லைப் போராட்டத்தின் பயனாகவும், எல்லைத் தகராற்றுக்கு நடுவராக இருந்த படாஸ்கர் தந்த தீர்ப்பின்படியும் 1960 ஏப்ரல் 1 அன்று திருத்தணி சென்னை மாநிலத்துக்கு வந்தது. நாராயணவனம், புத்தூர், நகரி எல்லாம் அந்தப் பக்கமே இருந்துவிட்டன. அந்தப் போராட்டத்தில் பழந்தமிழ் நூல்கள் சான்றாவணமாக எடுத்து வைக்கப்பட்டன. அன்றைக்கு அது தேவையாக இருந்தது. சிக்கல், அதற்குப் பிறகும் நாம் அந்நூல்களைப் பட்டா நிலத்துக்கான பத்திரம் போலவே படித்துக்கொண்டிருப்பதுதான்.

பழைய கிரேக்கத்திலும் இதே கதை நடந்தது. சாலமிஸ் தீவு யாருக்குச் சொந்தம் என்று ஏதென்சும் மெகாராவும் சண்டையிட்டன. இலியத்தில் வரும் கப்பல் பட்டியலை ஏதென்சுக்காரர்கள் சான்றாகக் காட்டினார்கள். சாலமிஸ் வீரன் அயாஸ் தன் 12 கப்பல்களை ஏதென்சுப் படைக்குப் பக்கத்தில் நிறுத்தினான் என்று அதில் வருகிறது. அந்த அடியை ஏதென்சுக்காரர்களே செருகிவிட்டார்கள் என்ற குற்றச்சாட்டை ஸ்ட்ராபோவும் புளூட்டார்க்கும் பதிந்திருக்கிறார்கள். இன்றைக்கு அந்த வழக்கை நினைப்பவர்கள் ஆய்வாளர்கள் மட்டுமே. இலியத்தை உலகம் இன்னும் படிப்பது, மகனின் உடலைக் கேட்டு எதிரியின் கூடாரத்துக்குப் போன கிழவன் பிரியாமுக்காக.

மாமூலனாருக்கும் அந்த நியாயம் கிடைக்க வேண்டும். அகநானூற்று 61-ஆம் பாட்டில் தோழி தலைவிக்கு ஆறுதல் சொல்கிறாள்: விழாக்கள் நிறைந்த வேங்கடமே கைக்குக் கிடைத்தாலும் அவர் உன்னை விட்டு அங்கே தங்கமாட்டார். அந்த நாளில் ஒரு பெண்ணின் காதலுக்கு எடைக்கல்லாக வைக்கும் அளவுக்கு இந்த மலை உயர்ந்திருந்தது. புறநானூற்றில் கள்ளில் ஆத்திரையனார் வேங்கடத்துத் தலைவன் ஆதனுங்கனைப் பாடுகிறார். வறட்சி முற்றிய காலத்திலும் தன்னை நினைத்து வரச் சொன்னவன் அவன். அவனை மறப்பதில்லை என்று சொல்லும் புலவர், தன் நெஞ்சைத் திறந்து பார்ப்பவர் அங்கே அவனையே காண்பர் என்கிறார். 1894-இல் உ.வே.சாமிநாதையர் புறநானூற்றைப் பதிப்பித்து ஏட்டிலிருந்து மீட்ட பெயர்களில் ஆதனுங்கனும் ஒருவன். அந்தப் பெயரில் வேங்கடத்து அடிவாரத்தில் ஒரு தெருவாவது இருந்தால் எவ்வளவு பொருத்தமாக இருக்கும்!

பழையதைப் படிப்பதில் கவனமும் வேண்டும். நாராயணவனம் அதற்கு நல்ல பயிற்சிக் களம். புராணத்தில் ஆகாசராஜனின் தம்பி தொண்டைமான். சங்கப் பாட்டிலும் வேங்கடத்தோடு தொண்டையர் சேர்த்துப் பேசப்படுகிறார்கள். இரண்டும் ஒருவரே என்று உடனே முடிச்சுப் போடத் தோன்றும். போடக் கூடாது. இரண்டு நூல்களுக்கும் இடையே நூற்றாண்டுகள் கிடக்கின்றன. தொண்டைமான் என்ற பெயர் இந்த மண்ணில் நீங்காமல் இருந்தது என்பதுவரை சொல்லலாம், அதற்கு மேல் சொல்ல முடியாது. அதேபோல், அகநானூறு வேங்கடத்து விழாவைச் சொல்கிறதே தவிர யாருக்கு விழா என்று சொல்லவில்லை. சங்கும் சக்கரமும் ஏந்தித் திருமால் அங்கே நிற்பதைச் சிலப்பதிகாரம்தான் வெளிப்படையாகக் காட்டுகிறது. ஒரு நூல் சொல்லாததை இன்னொரு நூலிலிருந்து எடுத்து அதன் வாயில் வைக்காமல் இருப்பது, பழைய இலக்கியம் படிப்பவர் கற்க வேண்டிய முதல் ஒழுக்கம்.

இதனால் புராணம் மதிப்பு இழந்துவிடாது. அதற்கும் ஒரு வரலாறு இருக்கிறது. திருவேங்கட மகாத்மியத்தைக் கோயிலில் படிக்க ஏற்பாடு செய்ததை 1491-ஆம் ஆண்டுத் திருமலைக் கல்வெட்டு சொல்கிறது. ஒரு கதையை ஊர் கூடிக் கேட்பதற்கு ஒருவர் ஏற்பாடு செய்து, அதைக் கல்லிலும் வெட்டிவைத்த காலம் அது. பத்மாவதியின் திருமணம் எந்த ஆண்டு நடந்தது என்று கேட்பதைவிட, அந்தக் கதையை மக்கள் எப்போதிருந்து, எங்கே, எப்படிக் கேட்டார்கள் என்று கேட்டால் நிறைய விடை கிடைக்கும்.

கல்வெட்டு என்று வந்தால் இந்த வட்டாரத்தின் வளம் திகைக்கவைக்கும். திருமலைக் கோயில் கல்வெட்டுகளில் பெரும்பாலானவை தமிழில் இருக்கின்றன. 966-ஆம் ஆண்டைச் சேர்ந்ததாகக் கருதப்படும் கல்வெட்டுகள், சாமவை என்ற பல்லவ குலத்து அரசியார் வெள்ளியில் மணவாளப் பெருமாள் திருவுருவம் செய்து, நிலமும் நகையும் கொடுத்து, விழாவும் ஏற்படுத்தியதைச் சொல்கின்றன. 1930-களில் தேவஸ்தானமே இந்தக் கல்வெட்டுகளைத் தொகுதி தொகுதியாக அச்சிட்டது. சாது சுப்பிரமணிய சாஸ்திரியின் உழைப்பு அதில் பெரும் பங்கு. காளத்திக்கு அருகே தொண்டமநாட்டில், முதலாம் ஆதித்த சோழன் மறைந்த இடத்தில் அவன் மகன் முதலாம் பராந்தகன் எழுப்பிய கோயில் நிற்கிறது. குடிமல்லத்தில் சிவன் உருவம் செதுக்கிய லிங்கம், பொது ஆண்டுக்கு முந்தையது என்று பல அறிஞர்கள் கருதுவது, இன்றும் வழிபாட்டில் இருக்கிறது. அந்தக் கோயிலிலும் தமிழ்க் கல்வெட்டுகள் உண்டு. எல்லாம் நாராயணவனத்திலிருந்து ஒரே நாளில் பார்த்துவிடக்கூடிய தொலைவு. தமிழ்நாட்டிலிருந்து திருமலைக்கு வரும் பேருந்துகளில் எத்தனை குடிமல்லத்தில் நிற்கின்றன?

இங்கே இன்னொரு கேள்வியையும் எதிர்கொள்ள வேண்டும். வேங்கடத்துப் பாட்டுகளை யாருக்காகப் படிக்கிறோம்? நகரி, புத்தூர், நாராயணவனம் பக்கத்தில் வீட்டில் தமிழும் கடைத்தெருவில் தெலுங்கும் பேசும் குடும்பங்கள் இன்றும் இருக்கின்றன. அவர்களின் பிள்ளைகள் பெரும்பாலும் தெலுங்கு வழியிலோ ஆங்கில வழியிலோ படிக்கிறார்கள். தெலுங்கையே தாய்மொழியாகக் கொண்ட பக்கத்து வீட்டுக்காரருக்கும் புல்லியின் நாட்டு வரகுச் சோற்றில் சம உரிமை உண்டு. அது அவருடைய மலை, அவருடைய தரை. அந்தப் பாட்டு தெலுங்கில் அவர் கைக்குப் போகாதவரை அது நம்முடையது என்று சொல்லிக்கொள்வதில் பெருமை குறைவுதான்.

எல்லை தாண்டிப் படிப்பது எப்படி என்பதற்கு இந்த வட்டாரத்தோடு தொடர்புடைய ஒரு பெரிய முன்மாதிரி இருக்கிறது. நாராயணவனத்துக்குச் சற்றுத் தெற்கே உள்ள நாகலாபுரத்தில் வேதநாராயணர் கோயிலைத் தன் தாயார் நாகலாவின் நினைவாகக் கட்டியவர் கிருஷ்ணதேவராயர் என்பது மரபு. அவர் தெலுங்கில் எழுதிய பெருங்காவியம் ஆமுக்தமால்யதா. அதன் தலைவி ஸ்ரீவில்லிபுத்தூர் ஆண்டாள். விஜயநகரத்துப் பேரரசர் ஒருவர், தமிழில் பாடிய ஒரு பெண்ணைத் தன் மொழியின் மிகச் சிறந்த காவியங்களில் ஒன்றுக்குத் தலைவியாக்கினார். அவர் ஆண்டாளை எந்த எல்லைக்கும் சான்றாக வைக்கவில்லை, காதலித்துப் படித்தார். தமிழ் வாசகர் பலருக்கு அந்தக் காவியத்தின் பெயர் தெரியும், உள்ளே இருப்பது தெரியாது. இந்தக் குறை நம்முடையது.

செய்ய வேண்டியவை கைக்கு எட்டாதவை அல்ல. மாமூலனாரின் வேங்கடப் பாட்டுகளையும் ஆதனுங்கனைப் பற்றிய புறப்பாட்டுகளையும் மூலத்தோடும் தெலுங்கு உரையோடும் ஒரு சிறு நூலாக்கலாம். குப்பத்தில் 1997-இல் தொடங்கிய திராவிடப் பல்கலைக்கழகம் இத்தகைய வேலைக்கென்றே இருப்பது. தேவஸ்தானத்துக்குச் சொந்தப் பதிப்புத் துறை இருக்கிறது, தமிழிலும் தெலுங்கிலும் இதழும் நூலும் வெளியிடுகிறது. நாராயணவனத்திலும் தொண்டமநாட்டிலும் குடிமல்லத்திலும் உள்ள கல்வெட்டுகளில் என்ன எழுதியிருக்கிறது என்பதை இரு மொழியிலும் சொல்லும் பலகைகளை வைக்கலாம். தமிழ்நாட்டுப் பக்கம், திருத்தணி, பள்ளிப்பட்டு, ஊத்துக்கோட்டை நூலகங்களில் சங்க நூல்களோடு தெலுங்குக் காவியங்களின் தமிழாக்கங்களும் அடுக்கப்பட வேண்டும். பள்ளி ஆசிரியர்கள் திருப்பதிச் சுற்றுலாவுக்கு முந்தைய வாரம் அகநானூற்று 311-ஐ வகுப்பில் படித்துவிட்டு வரட்டும். பாட்டில் வரும் தேக்கு எப்படி இருக்கும் என்று மலை ஏறும் வழியில் பிள்ளைகள் கேட்பார்கள், காட்டுவதற்கு ஆசிரியர் தயாராக இருக்க வேண்டும்.