டெக்கிலாவுக்குத் தோரணம், பனையேறிக்கு விலங்கா?

தொண்டிக்கும் தேவிபட்டினத்துக்கும் நடுவே, கடலோரத்தில் இருக்கிறது காரங்காடு. சனி, ஞாயிறு வந்துவிட்டால் அந்தச் சின்ன ஊருக்குள் கார்கள் வருகின்றன. நகரத்து மக்கள் படகேறி அலையாத்திக் காட்டுக்குள் போகிறார்கள், பறவைகளைப் பார்க்கிறார்கள், மீன் சாப்பாடு சாப்பிட்டுவிட்டுப் பொழுது சாய ஊர் திரும்புகிறார்கள். நல்லது. புயலுக்கும் அலைக்கும் கரையைக் காத்து நிற்கும் காடு அது. அதன் பேரால் மீனவக் குடும்பங்களுக்கு நாலு காசு கிடைத்தால் நாம் முகம் சுளிக்கப்போவதில்லை.

ஆனால் வந்த கார்கள் திரும்பும் வழியில் இன்னொரு காடும் இருக்கிறது. இராமநாதபுரம் சீமையின் பனங்காடு. அதை யாரும் நின்று பார்ப்பதில்லை. தை, மாசியில் தொடங்கி ஆடி வரை அங்கே மனிதர்கள் உயிரைப் பணயம் வைத்து மரம் ஏறுகிறார்கள் என்பது கார்க் கண்ணாடிக்குள் இருப்பவர்களுக்குத் தெரிவதில்லை.

இதற்கும் ஒரு வைத்தியம் சொல்கிறார்கள் சில கனவான்கள். "மெக்ஸிகோவைப் பாருங்கள்! டெக்கிலா என்ற தங்கள் நாட்டுச் சாராயத்தைக் காட்டியே உலகத்தை அழைக்கிறான். பனையையும் அப்படிக் காட்சிப் பொருளாக்கினால் பனையேறி பிழைத்துவிட மாட்டானா?" என்கிறார்கள். கேட்க இனிக்கத்தான் செய்கிறது. ஆகவே, தோழர்களே, காசில்லாமல் நாமும் ஒரு நாள் மெக்ஸிகோவுக்குப் போய்வருவோம். காட்டுவதைப் பார்ப்போம், காட்டாமல் விடுவதையும் பார்ப்போம்.

ஒரு நாள் வேடிக்கை

குவாதலஹாரா என்ற பெரிய நகரிலிருந்து டெக்கிலா என்ற சிற்றூருக்கு ரயிலிலும் பஸ்ஸிலும் உல்லாசப் பயணிகள் போகிறார்கள். வழியெல்லாம் நீலம் பாய்ந்த கற்றாழை வயல்கள். நம் வயல் வரப்பிலும் ரயில் பாதை ஓரத்திலும் வேலியாக நிற்கிறதே ஆனைக் கற்றாழை, அதுவும் மெக்ஸிகோ சீமையிலிருந்து வந்து குடியேறியதுதான். அதன் உடன்பிறப்புதான் டெக்கிலாக் கற்றாழை.

அது முற்றுவதற்கு ஆறு, ஏழு வருஷம் ஆகும். முற்றியபின் ஹிமடோர் என்னும் அறுவடைத் தொழிலாளி, நீண்ட கைப்பிடியின் நுனியில் வட்டக் கத்தி பொருத்திய கோவா என்ற கருவியால், முள் மட்டைகளை ஒவ்வொன்றாகச் சீவித் தள்ளுகிறான். உள்ளே பிரம்மாண்டமான அன்னாசிப் பழம் போலக் கிழங்கு தெரியும். ஒன்றின் எடையே ஒரு மூட்டை சிமிட்டியைப் போல இருக்கும். அதற்கு மேலும் போகும். அதைச் சூளையில் வேகவைத்து, நசுக்கிச் சாறெடுத்து, புளிக்கவைத்து, இரண்டு தரம் வடிக்கிறார்கள். அதுதான் டெக்கிலா.

பயணிகள் இதையெல்லாம் பார்க்கிறார்கள். வெள்ளைச் சட்டையும் வைக்கோல் தொப்பியுமாய் ஒரு ஹிமடோர் அவர்கள் முன்னால் இரண்டு கிழங்கைச் சீவிக் காட்டுகிறான். கைதட்டுகிறார்கள். போட்டோ பிடிக்கிறார்கள். பாட்டு, கூத்து, மூன்று தம்ளர் சாராயம். சாயங்காலம் ரயில் திரும்புகிறது.

மெக்ஸிகோ அரசு 1974-இல் அந்தப் பெயருக்கே சட்டக் காவல் போட்டது. ஹலிஸ்கோ மாகாணத்திலும் இன்னும் நான்கு மாகாணங்களின் சில பகுதிகளிலும் அல்லாமல் வேறெங்கு வடித்தாலும் அதை டெக்கிலா என்று விற்கக்கூடாது. 2006-இல் அந்த வயல்களையும் பழைய வடிசாலைகளையும் யுனெஸ்கோ உலகப் பாரம்பரியச் சின்னமாக அறிவித்தது. உழைக்கும் மக்களின் கைத்தொழில் ஒன்றுக்கு இத்தனை மரியாதையா என்று நமக்கும் வியப்பு உண்டாகிறது. மரியாதை யாருக்கு என்பதுதான் கேள்வி.

காட்டாமல் விட்டது

பயணிகளை ஏற்றிச் செல்லும் ரயில்களில் பேர்போனது ஒன்று ஹொசே குவெர்வோ கம்பெனியின் பெயரையே தாங்கி ஓடுகிறது. ஹொசே குவெர்வோ வம்சம் 1795-இல் ஸ்பெயின் மன்னனிடம் வடிக்கும் உரிமை வாங்கிய வம்சம். மற்ற பெரிய பெயர்களோ ஒவ்வொன்றாக அந்நியக் கம்பெனிகளின் பைக்குள் போய்விட்டன. டோன் ஹூலியோவும் கசமிகோஸும் லண்டன் நகரத்து தியாஜியோவிடம். பத்ரோன் 2018-இல் பக்கார்டியிடம். அதற்குப் போட்ட மதிப்பு 510 கோடி டாலர். சட்டம் பெயருக்குத்தான் காவல் போட்டது. கத்தி பிடித்த கைக்கு அல்ல. சாராயம் மெக்ஸிகோ மண்ணில்தான் வடியவேண்டும். லாபம் எந்த நாட்டுக்கு வேண்டுமானாலும் வடியலாம்!

கற்றாழை போட்ட சிறு விவசாயியின் கதி என்ன? 2022 வாக்கில் கிழங்கு கிலோ 30 பேசோ வரை விலை போயிற்று. ஆசைப்பட்டு எல்லாரும் நட்டார்கள். 2024-இல் சந்தை கவிழ்ந்தது. சில பேசோக்களுக்குக் கேட்கவும் ஆளில்லை. நெல்லையும் நூலையும் போலக் காத்திருந்து விற்கக்கூடிய சரக்கல்ல அது. முற்றினால் வெட்டியாகவேண்டும், இல்லையேல் வயலிலேயே அழுகும். ஏழு வருஷம் காத்த விவசாயி வயிற்றில் ஈரத்துணி போட்டுக்கொண்டான். அந்த வருஷமும் ரயில் ஓடிற்று. அந்த வருஷமும் பயணிகள் கைதட்டினார்கள்.

ஆகவே, "காட்சிப் பொருளாக்கினால் பிழைத்துவிடுவான்" என்ற கதை மெக்ஸிகோவிலேயே பலிக்கவில்லை. மரமும் ஆலையும் சந்தையும் யார் கையில் என்பதைக் கேளாமல் தோரணம் கட்டினால், தோரணத்தின் கீழ் நின்று காசு வாங்குகிறவன் முதலாளி. வெயிலில் நின்று வேடிக்கை காட்டுகிறவன் தொழிலாளி.

அந்த ராஜாவும் இந்தச் சட்டமும்

மெக்ஸிகோ சரித்திரத்தில் இன்னொரு பாடமும் உண்டு. 1785-இல் ஸ்பெயின் மன்னன் கற்றாழைச் சாராயத்துக்குத் தடை விதித்தான். மக்கள் குடித்துக் கெடுகிறார்களே என்ற கருணையாலா? ஸ்பெயின் வியாபாரிகள் கப்பலில் கொண்டுவந்த திராட்சை மதுவுக்குச் சந்தை வேண்டும், அதனால்! ஊர்க்காரன் வடித்தால் குற்றம். கப்பல்காரன் விற்றால் வர்த்தகம்.

இதைப் படிக்கும்போது நம் ஊர் ஞாபகம் வருகிறதா இல்லையா?

வெள்ளைக்காரன் சென்னை மாகாணத்துக்கு 1886-இல் ஆப்காரிச் சட்டம் கொண்டுவந்தான். மரத்துக்கு வரி போட்டான், கடையை ஏலம் விட்டான். பிறகு 1937-இல் மதுவிலக்குச் சட்டம் வந்தது. சேலம் ஜில்லாவில் தொடங்கிற்று. தளர்வதும் இறுகுவதுமாகப் பல ஆட்சிகள் கழிந்தன. 1987-இல் சாராயத்தோடு சேர்த்துக் கள்ளுக்கடையும் மூடப்பட்டது. ஆனால் கம்பெனிச் சரக்குக்கு? அதற்கென்று 1983-இலேயே டாஸ்மாக் என்ற அரசுக் கம்பெனி பிறந்துவிட்டது. 2003 முதல் சில்லறைக் கடையையும் அதுவே நடத்துகிறது. 2023–24 ஒரே ஆண்டில் அதன்மூலம் கஜானாவுக்கு வந்தது 45,855 கோடி ரூபாய்.

ஆலையில் எரிசாராயம் கலந்து பாட்டிலில் அடைத்தால் அது வருவாய். பனம்பாளையில் தானாகச் சொட்டினால் அது குற்றம்! கலயத்தில் சுண்ணாம்பு தடவியிருந்தால் பதநீர், தடவாமல் விட்டால் அதே சாறு புளித்துக் கள், ஏறியவன் குற்றவாளி. ஒரு சிட்டிகைச் சுண்ணாம்பில் தொங்குகிறது நமது பனையேறியின் மானம். போலீஸ்காரர் கலயத்தை உடைத்தால் உடைந்தது மண்பாண்டமா? இல்லை, ஒரு குடும்பத்தின் அன்றைய சோறு.

"குடிக்கப் பரிந்து பேசுகிறீர்களா?"

இப்படிக் கேட்பவர்களும் இருக்கிறார்கள். அவர்களுக்கும் பதில் சொல்லிவிடுகிறோம். குடி தொழிலாளி வர்க்கத்துக்கு விரோதி. சம்பள நாளன்று மில் வாசலில் பிள்ளையை இடுப்பில் வைத்துக்கொண்டு காத்து நிற்கும் தாய்மாருக்கு இதை யாரும் போதிக்கவேண்டியதில்லை. கூலி வாங்கிய கை வீட்டுக்குப் போகுமுன் காலியானால் சங்கமும் இல்லை, போராட்டமும் இல்லை.

ஆனால் குடியை ஒழிக்க வந்த சட்டம் எதை ஒழித்தது? 2024 ஜூனில் கள்ளக்குறிச்சியில் மெத்தனால் கலந்த விஷச் சாராயம் குடித்து 60-க்கும் மேற்பட்டோர் மாண்டார்கள். அந்த மெத்தனால் எந்தப் பனையில் இறங்கிற்று? குடியும் ஒழியவில்லை, சாவும் ஒழியவில்லை. பனைத் தொழில்தான் ஒழிந்துகொண்டிருக்கிறது. மதுவிலக்கு என்றால் பாட்டிலுக்கும் சேர்த்து நேர்மையாக வைக்கட்டும். அது முடியாதென்றால் பனையேறியை மட்டும் பிடித்து விலங்கு மாட்டுவது எந்த ஊர் நியாயம்?

பக்கத்துக் கேரளத்தில் கள் இறக்குவது சட்டபூர்வமான தொழில். அங்கே கள் தொழிலாளிக்குச் சங்கம் உண்டு. 1969-இல் அவர்களுக்கென்றே நலநிதிச் சட்டம் வந்தது. சேமநிதியும் பணிக்கொடையும் கிடைத்தன. அவை வேடிக்கை பார்க்க வந்தவர்கள் போட்ட பிச்சையல்ல; சங்கம் கட்டிப் போராடிப் பெற்றவை.

மரத்தடியில் நிற்கும் கணக்கு

கள்ளை விடுங்கள், பதநீரும் கருப்பட்டியும் பனையேறியை வாழவைக்கின்றனவா? முப்பது, நாற்பது மரம். ஒவ்வொன்றிலும் காலையும் மாலையும் ஏற்றம். காலில் தளைநார், இடுப்பில் பாளை அரிவாள். இடுக்கியால் பாளையை நசுக்கி, நுனி சீவி, கலயம் கட்டி இறங்கவேண்டும். கீழே பனங்காட்டிலேயே ஓலையால் கட்டிய விடிலியில் குடும்பம். இறக்கிய பதநீரை மனைவி அடுப்பில் ஏற்றி, புகையில் கண் எரியக் கிண்டிக் கிண்டிப் பாகு பதத்துக்குக் கொண்டுவந்து சிரட்டையில் ஊற்றுகிறாள். அந்தப் பெண்ணின் உழைப்பு எந்தக் கணக்கிலும் ஏறுவதில்லை.

மரம் பெரும்பாலும் அவனுடையதல்ல. குத்தகை அல்லது பங்கு. செலவுக்கு வியாபாரியிடம் முன்பணம். ஆகவே கருப்பட்டிக்கு விலை வைப்பவனும் அதே வியாபாரி. கையிலிருந்த நார் வழுக்கினால் முதுகெலும்பு முறியும். அதன்பிறகு அந்தக் குடும்பத்துக்குக் கதி யார்? நெசவாலைத் தோழனுக்கு இ.எஸ்.ஐ. உண்டு, பனை உச்சியில் இருப்பவனுக்கு ஆகாயமே துணை. இந்தத் தொழிலுக்குத் தன் பிள்ளையை அனுப்ப மாட்டேன் என்று பனையேறி சொன்னால் அவனை யார் குறை சொல்ல முடியும்?

பனை நமது மாநில மரம். 2021-இல் வேளாண் பட்ஜெட் போட்டபோது 76 லட்சம் பனை விதை கொடுப்பதாகச் சொன்னார்கள். கலெக்டர் அனுமதி இல்லாமல் பனையை வெட்டக்கூடாது என்றார்கள். ரேஷன் கடையில் கருப்பட்டி விற்கும் என்றார்கள். மரத்தைக் காப்பது நல்ல காரியம். ஆனால் இன்று நட்ட விதை பாளை விட ஒரு தலைமுறைக் காலம் ஆகும். அன்றைக்கு அதில் ஏற மனிதன் மிஞ்சுவானா? மரத்துக்குக் காவல் போட்ட சட்டம் மனிதனுக்கு எப்போது காவல் போடும்?

நாம் கேட்பது

பனையேறிகள் மீது போடப்படும் கள் வழக்குகள் நிற்கவேண்டும். கம்பெனிச் சரக்குக்கு ஒரு நீதி, கலயத்துக்கு ஒரு நீதி என்பது ஒழியவேண்டும். கருப்பட்டியைக் கூட்டுறவு சங்கம் கட்டுப்படியாகும் விலைக்கு வாங்கி, வாக்களித்தபடி எல்லா ரேஷன் கடைக்கும் அனுப்பவேண்டும். அப்போதுதான் முன்பணக்காரன் பிடி தளரும். மரத்திலிருந்து விழுந்தவனுக்கும் இறந்தவன் குடும்பத்துக்கும் உடனடி நஷ்டஈடும், வயதானவனுக்குப் பென்ஷனும் வேண்டும். புறம்போக்கிலும் கண்மாய்க் கரையிலும் நிற்கும் பனைகளை ஏறுகிறவர்களின் சங்கத்துக்கே விடவேண்டும்.

இத்தனையும் நடந்தபிறகு காரங்காட்டுக்கு வரும் கார்கள் பனங்காட்டுக்கும் வரட்டும். படகுக்காரத் தோழரைப் போலப் பனையேறித் தோழரும் வருகிறவர்களுக்குப் பதநீரை மட்டையில் ஊற்றிக் கொடுத்து, தன் சங்கத்தின் பேரால் காசு வாங்கட்டும். அது விருந்தோம்பல். அதற்குமுன் அவனை மரத்தில் ஏற்றி வேடிக்கை பார்ப்பது குரங்காட்டி வித்தை.

மில் தோழர்களே, விவசாயத் தொழிலாளத் தோழர்களே! பனையேறியும் நம் வர்க்கத்தான். உங்கள் சங்கக் கூட்டத்தில் அவன் கோரிக்கையையும் ஒரு தீர்மானமாகப் போடுங்கள். உச்சியில் தனியாக இருப்பவனுக்குக் கீழே நாம் நிற்கிறோம் என்று தெரியட்டும்!