துணை நடிகைன்னா அவ்ளோ இளக்காரமா?

'துணை நடிகை கைது'ன்னு தலைப்பு போடாட்டி நம்ம தினசரிகளுக்குத் தூக்கம் வராது போல. அந்தம்மா எந்தப் படத்துல என்ன வேஷம் கட்டினாங்கன்னு உள்ளே தேடிப் பாருங்க, பெரும்பாலும் கிடைக்காது. கூட்டத்துல ஒரு நாள் நின்னவங்களும் சரி, வருஷக்கணக்கா சீரியல்ல அழுதவங்களும் சரி, எல்லாருக்கும் ஒரே முத்திரைதான். 'துணை நடிகர் கைது'ன்னு எத்தனை தடவை படிச்சிருக்கீங்க மக்கா?

இந்தக் கணக்குப்படி எஸ்.என்.லட்சுமியும் துணை நடிகைதானே! 1964ல 'சர்வர் சுந்தரம்' நாகேஷுக்கு அம்மா. 1990ல 'மைக்கேல் மதன காமராஜன்'ல கொஞ்சம் கை நீளமான பாட்டி. (கமல் நாலு வேஷத்துல வந்தாரு, ஆனா எனக்கு இன்னிக்கும் ஞாபகம் இருக்கறது அந்தக் கிழவியோட திருட்டு முழிதான்.) 1994ல 'மகாநதி', 2004ல 'விருமாண்டி'. அப்புறம் 2011ல விஜய் டிவியில ஆரம்பிச்ச 'சரவணன் மீனாட்சி'லயும் பாட்டி. 2012 பிப்ரவரியில காலமானாங்க. கிட்டத்தட்ட அரை நூற்றாண்டு உழைப்புங்க இது!

அதே வார்த்தையைத்தான் போலீஸ் செய்திக்கு மசாலாவா தூவுறாங்க. நம்ம பதிவர்கள்லயும் சில பேர் ஹிட்ஸுக்காக அதை அப்படியே எடுத்துப் போடுறீங்க. போடுங்க சாமி. கூடவே அவங்க நடிச்ச ஒரு படத்தோட பேரையாவது சேர்த்துப் போடுங்க.