தொங்கான் ஏறி வந்தவர்கள்

சென்ற சனிக்கிழமை நானும் என் அண்ணன் மகளும் சூலியா தெருவில் பசியாறிக்கொண்டிருந்தோம். அவளுக்கு வேலை போய் மூன்று மாதமாகிறது. ஒரு கையால் ரொட்டிச் சானாயைப் பிய்த்துக்கொண்டே மறு கையில் ‘வைல்ட்’ என்ற ஆங்கிலப் புத்தகத்தை விரித்து வைத்திருந்தாள். தாயைப் பறிகொடுத்த செரில் ஸ்ட்ரெய்ட் என்ற அமெரிக்கப் பெண் 1995இல் மலைப்பாதையில் தன்னந்தனியாக 1,700 கிலோமீட்டருக்கு மேல் நடந்த கதை.

“நம்மகிட்ட இந்த மாதிரி ஒன்னும் இல்லையா சித்தப்பா? காடு மலைன்னு போய் தன்னைத்தானே தெரிஞ்சுக்கிட்ட மாதிரி?”

இருக்கிறது. என்ன, நம்மவர்கள் போனது பிழைப்பைத் தேடி. கடல் குறுக்கே வந்தது.

ப. சிங்காரத்தின் ‘புயலிலே ஒரு தோணி’ பற்றிச் சொன்னேன். சிங்கம்புணரிக்காரர். 1938இல் பதினெட்டு வயதில் மேடானுக்குக் கடை வேலைக்குப் போனவர். போர் முடிந்து ஊர் திரும்பி, மதுரையில் தினத்தந்தியில் சேர்ந்தார். நாவலில் ஜப்பான்காரன் காலத்தில் சுமத்ராவிலிருந்து சில தமிழர்கள் தொங்கான் ஏறிப் பினாங்குக்கு வருகிறார்கள். நடுக்கடலில் புயல். அந்தப் பக்கங்களில் வாக்கியங்களே உடைந்து சிதறும். வாய்விட்டுப் படித்தால்தான் ருசி. நாங்கள் உட்கார்ந்திருந்த மேசையிலிருந்து கொஞ்ச தூரம் நடந்தால் அதே கடல்தான்.

புயலைவிட எனக்குப் பிடித்தது வேறு. கதாநாயகன் பாண்டியன் மேடான் தெருவில் நடப்பான். மனசு மதுரைத் தெருக்களில் அலையும். வெளியூரில் வேலை பார்த்தவர்களுக்கு இது புரியும்.

“படிக்கக் கஷ்டமா?”

“ஆரம்பத்துல தடுமாறும். மலாய்ச் சொல் நிறைய வரும். மதுரைக்காரனைவிட உனக்குத்தான் அது லேசு.”

சிரித்தாள். எழுதி முடித்தது 1962இல், அச்சில் வந்தது 1972இல் என்று சொன்னதும்தான் கையிலிருந்த புத்தகத்தை மூடினாள்.

“பத்து வருசம் என்ன செஞ்சாரு?”

“பத்திரிகை வேலைதான். தினம் போனாரு, வந்தாரு.”

கொஞ்ச நேரம் அவள் ஒன்றும் பேசவில்லை. தே தாரே ஆறிப்போய் ஆடை கட்டியிருந்தது. பிறகு என் பிரதியை இரவல் கேட்டாள். பழைய பதிப்பு, அட்டை கிழிந்தது, யாருக்கும் கொடுப்பதில்லை. கொடுத்தேன்.

நேற்று இரவு செய்தி அனுப்பியிருந்தாள்: “எண்பதாம் பக்கம் வந்துட்டேன். புயல் எப்ப வரும் சித்தப்பா?”