நண்பன்னு போர்டு வெச்சா போதுமா?

கொஞ்ச நாள் முன்னாடி பக்கத்து வீட்டு அக்காவுக்குத் துணையா போலீஸ் ஸ்டேஷனுக்குப் போக வேண்டியதாப் போச்சு. காலையில கோலம் போட்டுட்டு இருந்தவங்க கழுத்துச் செயினை எவனோ பைக்ல வந்து அறுத்துட்டுப் போயிட்டான். கழுத்துல கீறல் வேற. கிளம்பறப்ப அக்கா கேட்ட முதல் கேள்வி, "தம்பி, போலீஸ்ல யாரையாச்சும் தெரியுமா?"

பறிகொடுத்தவங்க கேக்கற கேள்வியா இது? ஆனா நானும் மனசுக்குள்ள அதைத்தான் யோசிச்சுட்டு இருந்தேன்.

வாசல்ல 'காவல்துறை உங்கள் நண்பன்'னு பெருசா எழுதியிருந்தது. உள்ளே ரெண்டு மணி நேரம் பெஞ்சுல உட்கார வெச்சாங்க. கடைசியில கைக்கு வந்தது ஒரு சி.எஸ்.ஆர். ரசீது. இந்த மாதிரி குற்றம்னு புகார்லயே தெரிஞ்சா எஃப்.ஐ.ஆர். போட்டே ஆகணும்னு லலிதா குமாரி வழக்குல 2013லயே உச்ச நீதிமன்றம் சொல்லியாச்சு. அதை அங்கே சொல்ல எனக்கு தைரியம் வரலை. (வீரமெல்லாம் கீபோர்டுலதான்!)

அரசாங்கம் ஒண்ணுமே செய்யலைன்னு சொல்ல மாட்டேன். 1992ல ஆயிரம் விளக்குல அனைத்து மகளிர் காவல் நிலையம் வந்தது நல்ல காரியம். 1993ல ராமநாதபுரத்துல எஸ்.பி.யா இருந்த பிரதீப் பிலிப் 'ஃப்ரெண்ட்ஸ் ஆஃப் போலீஸ்' ஆரம்பிச்சார், அது மாநிலம் பூரா பரவுச்சு. அப்புறம் 2020 ஜூன்ல சாத்தான்குளம். தந்தையும் மகனும் உயிரை விட்டாங்க. அந்த அமைப்போட பேரும் அதுல அடிபட, ஜூலையில அரசே அதைத் தடை பண்ணிடுச்சு. 27 வருஷ நட்பு அவ்வளவுதான்.

சரி, கேமரா வெச்சா திருந்துமா? சாத்தான்குளம் ஸ்டேஷன்லயும் கேமரா இருந்துச்சு. பதிவு தினமும் தானா அழியற மாதிரி செட் பண்ணி வெச்சிருந்தாங்கன்னு விசாரிக்கப் போன மாஜிஸ்திரேட் எழுதினார். அதே வருஷம் டிசம்பர்ல, எல்லா ஸ்டேஷன்லயும் கேமரா இருக்கணும், பதிவைக் குறைஞ்சது ஒரு வருஷம் வெச்சிருக்கணும்னு உச்ச நீதிமன்றம் உத்தரவு போட்டுச்சு. 2025 ஜூன்ல மடப்புரம் கோயில் காவலாளியை விசாரிக்கறோம்னு கூட்டிட்டுப் போய் அடிச்சுக் கொன்னாங்களே, ஊரே பார்த்த அந்த வீடியோ எந்த ஸ்டேஷன் கேமராவுல வந்தது? ஒருத்தர் மறைஞ்சு நின்னு செல்போன்ல எடுத்தது. ஸ்டேஷனுக்கு வெளியில வெச்சு அடிச்சா ஸ்டேஷன் கேமரா என்ன பண்ணும்?

எனக்குத் தெரிஞ்சு நம்பிக்கை வர ஒரே வழி, போலீஸ் மேல புகார் சொல்ல போலீஸ் இல்லாத ஓர் இடம். இது ஒண்ணும் என் கண்டுபிடிப்பு இல்லை. பிரகாஷ் சிங் வழக்குல 2006லயே உச்ச நீதிமன்றம் சொன்னதுதான். மாநிலத்துக்கு ஒரு புகார் ஆணையம், மாவட்டத்துக்கு ஒண்ணு, தலைமைக்கு ஓய்வு பெற்ற நீதிபதி. நம்ம சட்டசபை 2013ல சட்டம் போட்டப்ப என்ன பண்ணினாங்க தெரியுமா? மாநிலத்துல உள்துறைச் செயலாளர் தலைவர், டி.ஜி.பி. உறுப்பினர். மாவட்டத்துல கலெக்டர் தலைவர், எஸ்.பி. உறுப்பினர். யார் ஆளுங்க மேல புகாரோ அவரே விசாரிக்கற குழுவுல! மாமியார் மேல புகாரை மாமியார்கிட்டயே கொடுக்கற கதை.

போலீஸ்காரங்க எல்லாம் கெட்டவங்கன்னு நான் சொல்ல வரலை. அன்னிக்கு அக்கா கழுத்தைப் பார்த்துட்டு "முதல்ல மருந்து போடுங்கம்மா"ன்னு தண்ணி கொண்டாந்து கொடுத்ததும் ஒரு பெண் காவலர்தான். அவங்களே தூங்கி ரெண்டு நாள் ஆன மாதிரி இருந்தாங்க. காவலர்களுக்கு வாரம் ஒரு நாள் லீவு தரணும்னு 2021ல உத்தரவு வந்தது. அதை ஒழுங்கா கொடுத்தாலே பாதி எரிச்சல் குறையும். தப்பு பண்றவன் மாட்டுவான்னு ஆயிட்டா, இந்த மாதிரி நல்லவங்களுக்குத்தான் முதல் மரியாதை கிடைக்கும்.

செயின் இன்னும் கிடைக்கலை. அது போகட்டும். "யாரையாச்சும் தெரியுமா"ன்னு கேக்காம அந்த அக்கா தனியா ஸ்டேஷன் படி ஏறணும். சீர்திருத்தம் வந்துடுச்சுன்னு அன்னிக்கு நான் ஒத்துக்கறேன்.