எது தேசிய இலக்கியம்? யார் முடிவு செய்தது?



ஜப்பான்காரன் காலத்தில், 1942-43-இல், மலாயாத் தோட்டங்களிலிருந்து பல்லாயிரம் தமிழர்கள் சயாமில் ரயில் பாதை போடக் கொண்டுபோகப்பட்டார்கள். பலர் திரும்பவே இல்லை. உங்கள் குடும்பத்திலும் ஒருவர் அப்படிப் போயிருக்கலாம். அந்தக் கதையை ஆர். சண்முகம் 'சயாம் மரண ரயில்' என்றும், அ. ரெங்கசாமி 'நினைவுச் சின்னம்' என்றும் நாவலாக எழுதினார்கள். செத்தவர்கள் இந்த மண்ணின் உழைப்பாளிகள். எழுதியவர்கள் இந்நாட்டு எழுத்தாளர்கள். ஆனாலும் இவை தேசிய இலக்கியம் அல்லவாம். ஏன்? தமிழில் இருக்கின்றன!

1981 முதல் கொடுக்கப்படும் 'சஸ்தெராவான் நெகாரா', அதாவது தேசிய இலக்கியவாதி விருது, மலாய்மொழிப் படைப்புக்கு மட்டும்தான். நாம் எழுதினால் அதற்குப் பெயர் 'சஸ்தெரா சுக்குவான்', ஓர் இனத்தாரின் இலக்கியம். படித்துப் பார்த்து மட்டம் என்று தள்ளவில்லை தோழர்களே, மொழியைப் பார்த்ததோடு சரி! விருது வாங்கியவருக்கு ரொக்கம் உண்டு, நூல் வெளியீட்டுக்கும் மொழிபெயர்ப்புக்கும் அரசு உதவி உண்டு. பிறகு ஊரே அதைப் பெரிய இலக்கியம் என்று பேசும். தரம் இப்படித்தான் தயாராகிறது.

பாலத்துக்கு அந்தப் பக்கம் பாருங்கள். சிங்கப்பூரின் கலாசாரப் பதக்கம் மா. இளங்கண்ணனுக்கு 2004-இலும் பி. கிருஷ்ணனுக்கு 2008-இலும் கிடைத்தது. தமிழில் எழுதித்தான் வாங்கினார்கள். (அங்கே தேனும் பாலும் ஓடுகிறது என்று நான் சொல்லவில்லை.)

1971 ஆகஸ்டில் மலாயாப் பல்கலைக்கழகத்தில் தேசியப் பண்பாட்டு மாநாடு நடந்தது. இவ்வட்டாரப் பூர்வீக மக்களின் பண்பாடே அடித்தளம், இஸ்லாம் முக்கிய அங்கம், மற்றவர்களுடையதில் 'பொருத்தமானவை' சேரலாம் என்றார்கள். அந்தத் தராசு யார் கையில்? மலாய்க் கலையான மாக் யோங்கையே எடுத்துக்கொள்ளுங்கள். 2005-இல் யுனெஸ்கோ அதை மனிதகுலத்தின் செல்வம் என்று அறிவித்தது. அப்போது கிளந்தான் மாநில அரசு அதைத் தடை செய்து வைத்திருந்தது! 2019-இல்தான், அதுவும் நிபந்தனைகளோடு, தடை நீங்கியது. ஆட்டம் ஒன்றுதான், ஆளுக்கொரு முத்திரை.

நாமும் லேசுப்பட்டவர்களல்ல. பரதநாட்டிய அரங்கேற்றத்துக்குக் கடன் வாங்குகிறோம், உருமி அடிக்கும் பையனைக் காலிப்பயல் என்கிறோம். தோட்டத்துப் பெண்கள் பாடிய பாட்டுகளை முத்தம்மாள் பழனிசாமி தேடித் தொகுத்து நூலாக்கினார். எத்தனை பேர் வீட்டில் அது இருக்கிறது?

ஓட்டுக் கேட்டு நம் தலைவர்கள் வருவார்கள். அரிசி மூட்டையோடும் கோயில் மானியத்தோடும் பேச்சை முடித்துவிடாதீர்கள். தேசிய இலக்கியவாதி விருதை எல்லா மொழிக்கும் திறந்துவிடச் சொல்லி நாடாளுமன்றத்தில் பேசுவீர்களா என்று கேளுங்கள். வாய்ப்பேச்சு வேண்டாம், எழுதி வாங்குங்கள்.