கோய்டர் கோட்டுக்கு வடக்கே

தெற்கு ஆஸ்திரேலியாவின் தலைநகரான அடிலெய்டிலிருந்து வடக்கு நோக்கி விரியும் நிலம், ஓரோரூ என்னும் சிற்றூரைக் கடந்ததும் வேறொன்றாகிவிடுகிறது. தெற்கே கோதுமையும் பார்லியும் விளையும் வயல்கள் தொடர்ந்திருக்க, வடக்கே ஃபிளிண்டர்ஸ் மலைத்தொடரின் நடுவே கிடக்கும் வில்லோக்ரா சமவெளியில் கூரையிழந்த கல்வீடுகளே மிஞ்சியுள்ளன. ஹாம்மண்ட், கார்டன், வில்சன் முதலிய ஊர்கள் கோதுமையை நம்பி அளந்து போடப்பட்டு, ஒரு தலைமுறை செழிப்பதற்குள் மங்கிப்போனவை. சில ஆண்டுகள் பெய்த நல்ல மழையை நிலத்தின் நிலையான இயல்பாகக் கொண்டு ஓர் அரசு சட்டம் இயற்றினால், அதன் விலையை யார் கொடுக்க நேரும் என்பதை இச்சமவெளியின் வரலாறு தெளிவாகக் காட்டுகிறது.

இங்கு மழைக்காலம் என்பது குளிர்காலமே. ஏப்ரல் முதல் ஜூன் வரை விதைத்து, ஆண்டின் இறுதியில் அறுவடை செய்யும் மானாவாரிக் கோதுமைக்கு அந்தச் சில மாத மழையே ஆதாரம். பாசனத்துக்கு உதவக்கூடிய வற்றாத ஆறு எதுவும் இல்லை. சமவெளியின் பெயரைத் தாங்கிய வில்லோக்ரா ஓடையும் பெருமழையின்போது மட்டுமே பெருகி ஓடும். நுகுனு, இங்காஜுரி முதலிய பழங்குடி மக்கள் நீருள்ள இடங்களை அறிந்து, பருவத்துக்கேற்ப இடம்பெயர்ந்து வாழ்ந்த இந்நாட்டை, குடியேற்றச் சட்டங்கள் ‘தரிசு நிலம்’ என்றே குறித்தன. 1850களில் இங்கு வந்த ஆட்டுப்பண்ணை உரிமையாளர்கள் அரசிடமிருந்து பெரும்பரப்புகளைக் குத்தகைக்கு எடுத்தனர். 1860களின் நடுவே நேர்ந்த கடும் வறட்சியில், வில்லோக்ரா சமவெளியை அடுத்திருந்த கன்யாகா பண்ணை மட்டுமே ஏறத்தாழ 20,000 ஆடுகளை இழந்தது.

இழப்புற்ற குத்தகைதாரர்களுக்குச் சலுகை வழங்க வேண்டுமானால், வறட்சியின் எல்லை எதுவென்று முதலில் அறிய வேண்டியிருந்தது. அப்பணி நில அளவைத் துறைத் தலைவரான ஜார்ஜ் கோய்டரிடம் ஒப்படைக்கப்பட்டது. 1865ஆம் ஆண்டின் பிற்பகுதியில் அவர் குதிரையில் நெடும்பயணம் செய்து, நம்பத்தக்க மழையுள்ள நிலத்தையும் வறட்சிக்கு ஆட்பட்ட நிலத்தையும் பிரிக்கும் கோட்டை வரைந்தார். உள்நாட்டில் நீண்டகால மழைப் பதிவுகள் அரிதாக இருந்த அக்காலத்தில், அவருக்குச் சான்றாக நின்றவை செடிகொடிகளே. ஒரே வேரடியிலிருந்து பல தண்டுகள் கிளைக்கும் ‘மாலி’ எனப்படும் யூக்கலிப்டஸ் புதர்க்காடு முடிந்து, உப்பையும் வறட்சியையும் தாங்கும் சாம்பல் நிற உப்புப்புதர்கள் தொடங்கும் இடங்களை அவர் குறித்துக்கொண்டார். ஒரு பருவத்து மழை புல்லைத்தான் பச்சையாக்கும். பல்லாண்டுப் புதர்களின் பரவலை அது மாற்றாது. 1857ஆம் ஆண்டில், மழைக்குப் பின் வடக்கே சென்ற இதே கோய்டர், அங்கு நன்னீரும் பசுமையும் நிறைந்திருப்பதாக அறிக்கை அனுப்பினார் என்பதும், சில மாதங்களுக்குப் பின் சென்றவர்கள் அவற்றைக் காணாமல் திரும்பினர் என்பதும் இங்கு நினைக்கத்தக்கவை. ஆண்டுச் சராசரி மழை 250 முதல் 300 மி.மீ. வரை உள்ள இடங்களை ஏறத்தாழ ஒட்டிச் செல்லும் அவருடைய கோடு, பின்னாளைய மழை அளவீடுகளோடு வியக்கத்தக்க அளவில் பொருந்துகிறது.

1869இல் வந்த ஸ்ட்ராங்வேஸ் சட்டம், சிறு விவசாயிகள் முன்பணம் செலுத்தி, மீதியைத் தவணைக் கடனாகக் கொண்டு நிலம் வாங்க வழிசெய்தது. 1872இல் இயற்றப்பட்ட சட்டம் அத்தகைய கடன் விற்பனையைக் கோய்டர் கோட்டின் தெற்குப் பகுதியோடு நிறுத்தியது. ஆனால் அவ்வாண்டுகளில் மழை தவறாமல் பெய்தது. கோட்டுக்கு அப்பாலும் புல் செழித்தது. தெற்கே நிலம் கிடைக்காதவர்களின் கோரிக்கை வலுத்தது. உழுத நிலத்தைத் தேடி மழை வரும் என்ற நம்பிக்கையும் அக்காலத்தில் பரவியிருந்தது. 1874இல் சட்டமன்றம் அந்த வரம்பை நீக்கிவிட, கோய்டரின் எதிர்ப்பு செல்லுபடியாகவில்லை.

அதன்பின் அளவையாளர்களைத் தொடர்ந்து ஏர்கள் வடக்கே நகர்ந்தன. கோட்டிலிருந்து ஏறத்தாழ 300 கி.மீ. வடக்கே, ஆண்டுக்கு 200 மி.மீ. மழைகூடப் பெறாத இடத்தில், கோதுமை விளையும் என்ற எதிர்பார்ப்புடன் 1878இல் ஃபரினா என்ற ஊர் அளக்கப்பட்டது. 1880 தொடங்கி மழை பொய்த்தபோது, பல இடங்களில் விதைத்த விதையளவுகூடத் திரும்பவில்லை. கலப்பை பட்டு இளகிய மேல்மண் காற்றில் பறந்தது. 1882இல் வந்து சேர்ந்த இரயில் பாதையால் ஃபரினா சில காலம் தாக்குப்பிடித்தது. ‘ஆப்கானியர்’ என்று பொதுப்பெயரால் அழைக்கப்பட்ட, பிரிட்டிஷ் இந்தியப் பகுதிகளிலிருந்தும் வந்த ஒட்டகக்காரர்கள் அங்கிருந்து உள்நாட்டுப் பண்ணைகளுக்குச் சரக்கு கொண்டுசென்றனர். ஆயினும் அது கோதுமை ஊராக ஒருபோதும் ஆகவில்லை. இரயில் பாதை மேற்கே மாற்றப்பட்டு, 1980களில் பழைய தடம் மூடப்பட்டது.

இத்தோல்வியை இயற்கைச் சீற்றம் என்று மட்டும் கூறுவது நியாயமாகாது. வறட்சி அந்நிலத்துக்குப் புதியதன்று. அதன் எல்லை அளக்கப்பட்டு அரசின் கையிலேயே இருந்தது. எல்லையை அழித்தவர்கள் சட்டமன்றத்தில் இருந்தனர். தவணை கட்ட இயலாமல் வீட்டையும் நிலத்தையும் விட்டு வெளியேறியவர்களோ, கையிருப்பு முழுவதையும் முன்பணமாகக் கொடுத்த குடும்பத்தினர். கைவிடப்பட்ட வயல்கள் மீண்டும் பெரிய மேய்ச்சல் பண்ணைகளாக ஒன்றுசேர்ந்தன. பழங்குடி மக்களுக்கு அப்போது அவற்றில் ஒரு பங்கும் திரும்பவில்லை.

காலநிலை மாற்றத்தால் கோய்டர் கோடு தெற்கே நகரக்கூடும் என்று ஆய்வாளர்கள் இன்று எச்சரிக்கின்றனர். அப்படி நகர்ந்தால், இப்போது பாதுகாப்பானவை எனப்படும் வயல்களும் அதன் வடக்கே அகப்படும். இந்நிலையில் வில்லோக்ராவின் அனுபவம் நிலக்கொள்கைக்குத் தேவையான ஓர் அளவுகோலைத் தருகிறது. வறட்சிக் காலத்தில் இத்தகைய வரம்பை எதிர்ப்பவர் எவருமில்லை. அது சோதிக்கப்படுவது மழை செழித்து, விலை உயர்ந்து, நிலம் கேட்போர் பெருகும் ஆண்டுகளில்தான். ஆகவே மானாவாரி நிலத்தின் மதிப்பை அதன் மிக மோசமான ஆண்டுகளைக் கொண்டே கணக்கிட வேண்டும். அக்கணக்கு நல்ல மழை பெய்யும்போதும் மாறாதபடி சட்டத்தில் நிலைக்க வேண்டும். அந்த உறுதி இல்லாத அரசு விவசாயிக்கு அளிக்கும் நிலக்கடன், உதவியாகத் தோன்றினாலும், மழையின் நிச்சயமின்மை முழுவதையும் அவன் தலையில் ஏற்றும் செயலாகவே முடிகிறது.