மனைவி ஜோக் மகான்களுக்கு ஒரு விண்ணப்பம்

நம் வயதுக்காரர்களின் வாட்ஸ்அப் குழுக்களில், காலை வணக்கத்துக்கு அடுத்தபடியாக அதிகம் சுற்றுவது மனைவி ஜோக்தான். மனைவி பேசினால் கணவனுக்குக் காது செவிடு. மனைவி சமைத்தால் கணவன் ஆஸ்பத்திரியில். மனைவி ஊருக்குப் போனால் கணவனுக்குத் தீபாவளி. நாற்பது, ஐம்பது வருஷமாக அதே சரக்கு. முன்பு வாரப் பத்திரிகையின் ஓரத்தில் வந்தது, இப்போது கைபேசியில் வருகிறது. படித்ததும் ஒரு சிரிப்புப் பொம்மையைப் போட்டு அடுத்த குழுவுக்குத் தள்ளிவிடுகிறோம். இதனால் கலாசாரம் கெட்டுப்போவதாக இதுவரை யாரும் புகார் சொன்னதில்லை.

ஆனால் ஒரு பெண் தனியாக மேடை ஏறி, மைக்கைப் பிடித்து, புருஷனைப் பற்றியோ மாமியாரைப் பற்றியோ ஆபீஸ் மேனேஜரைப் பற்றியோ பத்து நிமிஷம் பேசி நாலு பேரைச் சிரிக்க வைத்துவிட்டால் போதும். அதே குழுவில் தீர்ப்பு வந்துவிடுகிறது: "குடும்பப் பொண்ணு பேசற பேச்சா இது?"

இந்த இரட்டை நியாயத்தைத்தான் இன்று கொஞ்சம் உரித்துப் பார்க்கப் போகிறேன். கோபம் வருகிறவர்கள் தாராளமாகக் கோபித்துக்கொள்ளலாம். பதில் எழுதினால் படிப்பேன்.

ஸ்டாண்ட் அப் காமெடி என்றால் என்ன என்று கேட்கும் நண்பர்களுக்காகச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். மேடையில் ஒரே ஆள், ஒரே மைக். வேஷம் கிடையாது, பின்னணி இசை கிடையாது, கூட நடிக்க ஆள் கிடையாது. பேசுவது பெரும்பாலும் தானே எழுதியது, தன் வாழ்க்கையிலிருந்து எடுத்தது. சென்னை, பெங்களூர் போன்ற ஊர்களில் 'ஓப்பன் மைக்' என்று ஒன்று நடத்துகிறார்கள். காபிக் கடை மாதிரி சின்ன இடம், இருபது முப்பது பேர் உட்கார்ந்திருப்பார்கள். புதியவர்களுக்கு ஆளுக்கு ஐந்து நிமிஷம். பெரும்பாலும் சம்பளம் இல்லை. எந்த வரிக்குச் சிரிப்பு வருகிறது, எந்த வரி விழுந்துவிடுகிறது என்று அங்கே பார்த்து, அடித்துத் திருத்தி, மறுபடி சொல்லிப் பார்க்க வேண்டும். ஒரு மணி நேரம் தாங்குகிற நிகழ்ச்சியைத் தேற்ற வருஷக்கணக்கில் ஆகலாம். வித்வான் சாதகம் பண்ணுகிற மாதிரிதான். ஆனால் இந்தச் சாதகத்தை ஊர் பார்க்கப் பண்ண வேண்டும்.

என் அக்கா பேத்தி இந்தச் சாதகத்தைத்தான் மூன்று வருஷமாகச் செய்துகொண்டிருக்கிறாள். சென்னையில் கம்ப்யூட்டர் வேலை, சனி ஞாயிறு ராத்திரிகளில் மேடை. போன மாசம் அவளுக்கு ஒரு நல்ல வரன் வந்தது. ஜாதகம் பொருந்தியது, சம்பளம் பொருந்தியது. கடைசியில் பையன் வீட்டில் ஒரு நிபந்தனை போட்டார்கள்: கல்யாணத்துக்கு அப்புறம் அந்தக் காமெடி மட்டும் கூடாது. வேலைக்குப் போகலாம், கார் ஓட்டலாம், வெளிநாடு போகலாம், மைக்கை மட்டும் தொடக் கூடாது. "எடுத்துச் சொல்லுங்கோ தாத்தா" என்று என்னிடமே பொறுப்பை ஒப்படைத்தாள் அவள் அம்மா. நான் எடுத்துச் சொல்லவில்லை. சொல்ல என்னிடம் ஒரு நியாயமும் இல்லை.

முதலில் ஒன்றைப் பாருங்கள். அந்தப் பையனின் தங்கை பரதநாட்டியம் கற்றவள். மண்டபம் பிடித்து, பத்திரிகை அடித்து, லட்சக்கணக்கில் செலவு செய்து அரங்கேற்றம் நடத்தியிருக்கிறார்கள். அந்தப் போட்டோவைத்தான் கூடத்தில் மாட்டியிருக்கிறார்கள். ஆக, பெண் மேடை ஏறுவது அவர்களுக்குப் பிரச்சினையே இல்லை.

அந்த நாட்டியத்தின் கதை என்ன? நம் தாத்தாக்கள் காலத்தில் குடும்பப் பெண் ஆடுவதா என்றுதான் கேட்டார்கள். 1935-ல் அடையாறில் ருக்மிணி தேவி அருண்டேல் மேடையில் ஆடியபோது முகம் சுளித்தவர்கள் எத்தனையோ பேர். அந்தக் கலையைத் தலைமுறை தலைமுறையாகக் காப்பாற்றிய பெண்களை ஒதுக்கிவைத்துவிட்டு, கலையை மட்டும் வீட்டுக்குள் எடுத்துக்கொண்டோம். இன்று அது கௌரவம். அன்று சொன்ன அதே வசனத்தை இன்று காமெடிக்குச் சொல்கிறோம்.

'பெண்ணுக்குக் காமெடி ஒத்து வராது' என்பது அடுத்த வாதம். இதைத் தமிழ்நாட்டில் உட்கார்ந்துகொண்டு சொல்வதற்கு ரொம்பத் துணிச்சல் வேண்டும். நம் கும்பகோணத்திலேயே பாலாமணி அம்மாள் பெண்களை வைத்து நாடகக் கம்பெனி நடத்தியிருக்கிறார், அதுவும் நூறு வருஷத்துக்கு முன்னால். என்.எஸ். கிருஷ்ணனைச் சொன்னால் டி.ஏ. மதுரத்தைச் சொல்லாமல் இருக்க முடியுமா? லட்சுமிகாந்தன் கொலை வழக்கில் 1944-ல் கைதான கலைவாணர் 1947-ல்தான் விடுதலையானார். அதுவரை வழக்குக்காக ஓயாமல் போராடியவர் மதுரம். சிரிக்க வைக்கத் தெரிந்தவருக்குப் போராடவும் தெரிந்திருந்தது.

மன்னார்குடியில் பிறந்து பள்ளத்தூரில் வளர்ந்த கோபிசாந்தா, நாடக மேடையில் மனோரமா ஆனார். 1958-ல் 'மாலையிட்ட மங்கை'யில் சினிமாவுக்கு வந்தவர், ஆயிரம் படங்களைத் தாண்டிக் கின்னஸ் புத்தகத்தில் இடம் பிடித்தார். 2002-ல் பத்மஸ்ரீ. 'தில்லானா மோகனாம்பாள்' படத்தில் சிவாஜி, பத்மினி, பாலையா, நாகேஷ் என்று அத்தனை பேர் இருந்தும், ஜில் ஜில் ரமாமணியை யாராவது மறந்திருக்கிறீர்களா? ஊர் ஊராகப் போய் ஆடிப் பாடிச் சிரிக்க வைத்துப் பிழைக்கிற பெண்ணின் பாத்திரம் அது. திரையில் வந்தால் கை தட்டினோம். அதே தொழிலை நம் வீட்டுப் பெண் செய்தால் வரன் முறிகிறது.

இங்கே ஒரு முக்கியமான விஷயம் இருக்கிறது. நாம் கைதட்டிய பெண்கள் பக்கத்தில் எப்போதும் ஒரு ஆண் நின்றார். கிருஷ்ணன்–மதுரம், நாகேஷ்–மனோரமா, சோ–மனோரமா. வசனத்தைப் பெரும்பாலும் ஆண்களே எழுதினார்கள். ஜோக்கில் அடிவாங்குகிறவளாகவோ அடிக்கிறவளாகவோ பெண் வந்தாள். கறுப்பாக இருந்தால் அதற்கு ஒரு ஜோக், குண்டாக இருந்தால் அதற்கு ஒன்று. பெண் வேஷத்தைக்கூட முழுதாக விட்டுக்கொடுக்க மனசில்லை. பாய்ஸ் கம்பெனி காலத்து ஸ்திரீபார்ட் போல, இன்றும் டி.வி. காமெடியில் மீசையை மழித்துக்கொண்டு ஆண்கள் புடவை கட்டி வருகிறார்கள். நாமும் விழுந்து விழுந்து சிரிக்கிறோம்.

தனி மைக்கில் இந்த ஏற்பாடு உடைந்துபோகிறது. பெண் தன் வார்த்தையைத் தானே எழுதி, பக்கத்தில் யாரும் இல்லாமல், தன் கண்ணுக்கு உலகம் எப்படித் தெரிகிறது என்று சொல்கிறாள். அப்போது ஜோக்கில் நிற்பது நாம். பாத்திரம் கழுவாத நாம், காபி ஆறிவிட்டது என்று கத்துகிற நாம், பெண் பார்க்கப் போய்ப் பஜ்ஜியோடு மார்க் போடுகிற நாம். நமக்கு எரிவது அங்கேதான். அதற்குக் கலாசாரம் என்று பெயர் வைத்துக்கொள்கிறோம்.

மற்ற ஊர்களிலும் இது புதிதாக நடந்ததில்லை. அமெரிக்காவில் ஃபிலிஸ் டில்லர் என்ற பெண்மணி 1955-ல், சான் பிரான்சிஸ்கோவில் ஒரு சின்ன இரவு விடுதி மேடையில் முதல் முறையாக ஏறினார். அப்போது அவருக்கு வயது 37, ஐந்து குழந்தைகளுக்குத் தாய். 'ஃபேங்' என்று ஒரு கற்பனைப் புருஷனை உண்டாக்கி, அவனை வைத்தே ஊரைச் சிரிக்க வைத்தார். நம் மனைவி ஜோக்கை அப்படியே திருப்பிப் போட்டார், அவ்வளவுதான். குடும்ப அமைப்பு ஒன்றும் இடிந்து விழவில்லை.

எதிர் தரப்பில் நியாயமான கவலைகளும் உண்டு. அவற்றைத் தட்டிக்கழிக்க மாட்டேன்.

வருமானம் நிச்சயமில்லை என்கிறார்கள். உண்மை. ஆனால் பையன் ஐ.ஏ.எஸ். பரீட்சைக்கு ஐந்து வருஷம் படித்தால் வீட்டில் சோறு போட்டுக் காத்திருக்கிறோமே! பாரதி பாஸ்கர் வங்கி அதிகாரியாக வேலை பார்த்துக்கொண்டேதான் பட்டிமன்ற மேடைகளில் பேசி நம்மைச் சிரிக்க வைத்தார். வேலையை எப்போது விடுவது, விடுவதா வேண்டாமா என்பதை அந்தப் பெண்ணே கணக்குப் போட்டுக்கொள்வாள். கணக்கு அவளுக்கும் தெரியும்.

ராத்திரி பத்தரை மணிக்கு எப்படி வீடு திரும்புவாள் என்கிறார்கள். நல்ல கேள்வி. அதற்கு விடை, அண்ணனோ அப்பாவோ வண்டியை எடுத்துக்கொண்டு போய் அழைத்து வருவது, பஸ்ஸும் தெருவிளக்கும் ஒழுங்காக இருக்கும்படி ஊரைக் கேட்பது. திருடன் வருவான் என்று வீட்டுக்காரனையா பூட்டி வைப்பார்கள்?

ஆபாசம் என்கிறார்கள். சிலர் பேசுகிறார்கள், எனக்கும் பிடிக்காது. ஆனால் இரட்டை அர்த்த வசனத்துக்கு முன் வரிசையில் உட்கார்ந்து சிரித்த ஆண்கள் நம் தலைமுறையில் குறைவா? தப்பென்றால் பேசுகிற எல்லோருக்கும் தப்பு. பெண்ணுக்கு மட்டும் தனி தராசு வைக்காதீர்கள்.

அறந்தாங்கி நிஷா தன் ஊர்ப் பெயரையே முன்னால் போட்டுக்கொண்டு விஜய் டி.வி. மேடைக்கு வந்தார். சின்ன ஊர்களில் வாயாடி என்று பெயர் வாங்கிக்கொண்டு அடக்கிவைக்கப்பட்ட பெண்கள் எத்தனை பேர் என்று உங்கள் தெருவிலேயே எண்ணிப் பாருங்கள். அத்தைகளும் சித்திகளும் அடுக்களையில் அடித்த நையாண்டி எந்த சபா நாடகத்துக்குக் குறைந்தது? டிக்கெட் போடாததால் அதை யாரும் கலை என்று சொல்லவில்லை.

அந்த வரன் முறிந்துவிட்டது. அவளே வேண்டாமென்று சொல்லிவிட்டாள். அடுத்த நிகழ்ச்சியில் அதையும் ஒரு ஜோக்காக்கிவிட்டாளாம். நன்றாகச் சிரித்தார்களாம்.

என் விண்ணப்பம் சின்னது. அடுத்த முறை சென்னைக்குப் பேரன் பேத்தி வீட்டுக்குப் போகும்போது, ஒரு பெண் நடத்தும் நிகழ்ச்சிக்கு டிக்கெட் வாங்கிப் போய் உட்காருங்கள். பிடிக்காவிட்டால் சிரிக்க வேண்டாம். காமெடி பண்ணுகிறவருக்கு அதைவிடப் பெரிய தண்டனை கிடையாது, அந்த உரிமை உங்களுக்கு உண்டு. ஆனால் அவள் வாயைத் திறப்பதற்கு முன்பே மைக்கைப் பிடுங்கும் உரிமை உங்களுக்கும் இல்லை, எனக்கும் இல்லை, மாப்பிள்ளை வீட்டுக்காரர்களுக்கும் இல்லை.